வெட்டி எடுத்த மௌனம்

அன்று அந்த மாடியறையில் இருந்தவர்கள் நால்வர். ருஷ்ய மொழி கற்பிக்கும் எமீமாள். திருவனந்தபுரம் விமான நிலையத்தில் இறங்கும் ருஷ்யப் பயணிகளைக் கன்னியாகுமரிக்கு அழைத்து வரும் வாடகைக் கார் ஓட்டுநர் பீர் மைதீன். அந்தப் பயணிகளுக்கு எண்ணெய்ச் சிகிச்சை செய்யும் சித்த மருத்துவர் செண்பகவல்லி. பாளையங்கோட்டையில் மைக் செட் வாடகைக்கு விடும் கோமதிநாயகம்.

நால்வரில் வயது குறைந்தவர் ஆசிரியைதான். அதற்காக அவரை ஒருவரும் ஒருமையில் அழைத்ததில்லை.

எமீமாளின் கல்விமுறை ஊருக்குப் புதிது. புத்தகம் கிடையாது, எழுத்து கிடையாது. அவை பிறகு. முதலில் காது. ஒவ்வொரு மாணவருக்கும் தனித்தனியாகத் தம் குரலில் பாடம் பதிவு செய்து கைபேசிக்கு அனுப்புவார். பாடத்தில் தமிழில் ஒரு கேள்வி வரும். ‘தண்ணீர் என்பதை எப்படிச் சொல்வீர்கள்?’ பிறகு ஓர் இடைவெளி. மாணவர் வாய்விட்டுப் பதில் சொல்லவேண்டிய நேரம் அது. அதன்பின் ருஷ்ய மொழியில் விடை. அதே சொல் சற்று நேரத்தில் திரும்ப வரும். மறுநாள் வரும். பல நாள் காணாமற் போய்விட்டு வரும். பின்னொரு மாதத்தில், ‘அப்படி ஏதோ ஒன்று உண்டே’ என்று மனம் துழாவத் தொடங்கும் சமயம் பார்த்து, வழி தவறாமல் வந்து நிற்கும். வாரத்தில் ஒரு மாலை எல்லோரும் மாடியறையில் கூடி, கேட்டதைப் பேசிப் பார்ப்பார்கள்.

அன்று பாடம் தொடங்குமுன் கோமதிநாயகம் கையை உயர்த்தினார். ஐம்பத்தெட்டு வயதில் கையை உயர்த்திக் கேள்வி கேட்பதில் அவருக்குக் கூச்சம் எதுவும் இருக்கவில்லை.

“டீச்சர், ஒரு சங்கதி கேக்கணும். படிச்சது மறக்காம இருக்க என்ன வழி?”

“என்ன மறந்தீங்க, அண்ணாச்சி?”

“ஒண்ணும் மறக்கலை. அதுதான் சங்கடம். எல்லாம் தலைக்குள்ள இருக்கு. கூப்பிட்டா வர மாட்டேங்கு.”

“தண்ணீர்,” என்றார் எமீமாள்.

கோமதிநாயகம் கண்களை மூடிக்கொண்டார். உதடுகள் அசையத் தொடங்கின. வணக்கத்தில் புறப்பட்டு, நலமா, நலம், நன்றி, உங்கள் பெயர் என்ன என்று ஒவ்வொரு வாசலாகக் கடந்து, ரொட்டிக் கடையையும் அஞ்சல் நிலையத்தையும் தாண்டி, நெற்றி வியர்க்க வந்து சேர்ந்தார்.

“வதா,” என்றார் வெற்றியோடு.

“ஜங்ஷனுக்குப் போகச் சொன்னா அண்ணாச்சி நாகர்கோவில் போய்த் திரும்பி வாராரு,” என்றார் பீர் மைதீன். “இந்த ரூட்ல நான் வண்டி ஓட்டினா ஒரு பயலும் வாடகை தர மாட்டான்.”

“சேர வேண்டிய இடத்துக்குச் சேர்ந்துட்டேன்லா, பாய்?”

“சேர்ந்திய. அதுக்குள்ள தாகத்துல ஆள் செத்துப் போயிருப்பான்.”

செண்பகவல்லி சிரிப்பை அடக்கக் குனிந்துகொண்டார். எமீமாள் சிரிக்கவில்லை.

“பாடத்தை எப்படிக் கேட்கிறீங்க?”

இந்தக் கேள்விக்காகவே காத்திருந்தவர்போல் கோமதிநாயகம் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

மைக் செட் தொழிலில் மௌனம் என்பது பழுது. கோயில் கொடை விழாவில் ஒலிபெருக்கி ஒரு கணம் ஓய்ந்தால், சாமியைப் பார்த்துக்கொண்டிருக்கும் ஊர் முழுவதும் திரும்பி மைக் செட்டுக்காரரைப் பார்க்கும். வயர் அறுந்ததா, ஆள் தூங்கிவிட்டாரா என்று முணுமுணுக்கும். அந்தப் பார்வைக்கு அஞ்சியே அவர் முடி நரைத்தது. கல்யாணப் பதிவுகளைச் சீர்செய்து கொடுப்பதும் அவர் தொழிலின் ஒரு பகுதி. வாழ்த்துரையில் திக்கல், திணறல், வெற்றிடம் எதையும் விட்டுவைக்க மாட்டார். எமீமாளின் முதல் பாடத்தைக் கேட்டபோதே அவருக்குக் கை அரித்தது. இவ்வளவு நல்ல குரல், இடையிடையே இவ்வளவு ஓட்டை.

“நீங்க கேள்வி கேட்டுட்டுச் சும்மா இருக்கிய பாருங்க, அந்த இடத்தையெல்லாம் கம்ப்யூட்டர்ல போட்டு வெட்டிட்டேன், டீச்சர். ஒரே வார்த்தை ரெண்டாம் தரம், மூணாம் தரம் வருது. அதையும் எடுத்துட்டேன். அரை மணி நேரப் பாடம் பத்து நிமிஷத்துல முடிஞ்சிரும். குட்டியானை வண்டியில ஸ்பீக்கர் ஏத்திட்டுப் போகும்போது வரிசையா எல்லாத்தையும் கேட்டிருவேன்.”

பீர் மைதீன் செண்பகவல்லியைப் பார்த்தார். செண்பகவல்லி ஆசிரியையைப் பார்த்தார்.

“ஒட்டு தெரியுதா?” என்று கேட்டார் எமீமாள்.

“ஒட்டே தெரியாது. நம்ம கை வேலை.”

“போடுங்க, கேட்போம்.”

கைபேசியிலிருந்து எமீமாளின் குரல் மூச்சே விடாமல் புறப்பட்டது. கேள்வியின் வாலைப் பதில் கவ்வியது, பதிலின் வாலை அடுத்த கேள்வி கவ்வியது.

“டீச்சர் மீன் ஏலம் போடுத மாதிரி இருக்கு,” என்றார் பீர் மைதீன்.

எமீமாள் கடைசிவரை கேட்டார். கோபம் எதுவும் முகத்தில் தென்படவில்லை.

“வேலை சுத்தமா இருக்கு, அண்ணாச்சி. இப்போ என்ன சங்கடம்?”

கோமதிநாயகத்தின் நிமிர்வு அப்போதுதான் தளர்ந்தது. “போன ஞாயித்துக்கிழமை சம்பந்தி அம்மாகிட்ட பேசினேன், டீச்சர். பேச்சு கெட்டுப் போச்சு.”

அவர் ருஷ்ய மொழி படிக்க வந்ததன் காரணம் அறையில் எல்லோருக்கும் தெரியும். மகன் உலகநாதன் சமாரா நகரத்தில் பொறியாளன். வேரா என்ற பெண்ணை மணக்க விரும்பினான். வேராவுக்குத் தந்தை இல்லை. தாய் நினா பாவ்லவ்னா, ஆயுளில் பெரும்பகுதியைத் தொலைபேசி இணைப்பகத்தில் கழித்தவர். அவருக்கு இருப்பது அந்த ஒரே பெண். ‘என் பெண்ணைக் கேட்பவர்கள் என்னிடம் கேட்கட்டும். நடுவில் ஒருவர் நின்று மொழிபெயர்க்க வேண்டாம். முகம் காட்டவும் வேண்டாம், குரல் போதும். குரலை வைத்து மனிதரை எடைபோட எனக்குத் தெரியும்,’ என்று சொல்லிவிட்டார். தாய் தலையசைக்காமல் வேரா திருமணப் பதிவுக்கு வரமாட்டாள். கோமதிநாயகத்தின் குடும்பத்திலும் பிள்ளையைப் பெற்றவர் தம் வாயால்தான் பெண் கேட்க வேண்டும். ஆக, இரண்டு வீட்டுப் பிடிவாதத்துக்கும் நடுவே ஒரு மொழி கிடந்தது. அதைத்தான் அவர் சித்திரையிலிருந்து படித்துக்கொண்டிருந்தார்.

“என்ன பேசினீங்க?”

“படிச்சதையெல்லாம் பேசினேன். வணக்கத்துல ஆரம்பிச்சு, நான் யாரு, என் தொழில் என்ன, பையன் குணம் என்ன, உங்க பொண்ணை எங்க வீட்டுப் பொண்ணா வச்சுக்கிடுவோம்னு தடங்கல் இல்லாமச் சொல்லிட்டேன். நடுவுல அந்த அம்மா என்னமோ கேட்டாங்க. எனக்கு நிறுத்தத் தெரியலை. நிறுத்தினா எல்லாம் உதிர்ந்திரும்போல இருந்தது. சொல்லி முடிச்சேன். அங்க சத்தமே இல்லை. லைன் போயிட்டுன்னு நெனச்சு, மறுபடியும் முதல்லேருந்து சொன்னேன்.”

“அப்புறம்?”

“போனை வச்சுட்டாங்க. பையன் கூப்பிட்டுச் சொல்லுதான், ‘அப்பா, அவங்க நீங்க பேசலைன்னு சொல்லுதாங்க. டேப்பைப் போட்டுட்டுப் பக்கத்துல உக்காந்திருக்கியளாம். அதுவும் ஒரு பொம்பளை பேசுத ராகத்துல.’”

அறையில் யாரும் சிரிக்கவில்லை.

“உங்க குரலுக்குப் பதிலா என் குரலைத்தான் அனுப்பியிருக்கீங்க,” என்றார் எமீமாள்.

“ஆமா டீச்சர். ரெண்டு வாரம் கழிச்சுக் கூப்பிடட்டும்னு சொல்லியிருக்காங்க. மனுசர் பேசினா தானும் பேசுவாங்களாம். டேப்னா அதோட சரியாம்.” குரலைத் தாழ்த்திக்கொண்டார். “அதுக்குள்ள ராப்பகலாக் கேட்டு உருப்போட்டிருதேன். நீங்க ஒரு வழி மட்டும் சொல்லுங்க.”

எமீமாள் சன்னலுக்கு வெளியே பார்த்தார். கார்த்திகை மழை தெருவைக் கழுவிக்கொண்டிருந்தது.

“வெட்டி எடுத்ததைக் கொண்டு வாங்க.”

“எதை?”

“இடைவெளியை. எல்லாப் பாடத்திலிருந்தும் வெட்டினதை ஒண்ணா ஒட்டிக் கொண்டு வாங்க.”

“வெறும் மௌனத்தையா? அதுல என்ன இருக்கும், டீச்சர்?”

“எனக்குத் தெரியாது. நான் கேட்டதில்லை.”

அடுத்த வாரம் அதே நால்வர். கோமதிநாயகம் தம் ஒலிப்பெட்டி ஒன்றையே தூக்கி வந்திருந்தார். பழைய பதிவுகளைத் திறந்து, பேச்சையெல்லாம் களைந்து, பேச்சில்லாத இடங்களை மட்டும் பொறுக்கி ஒட்டியிருந்தார். வாழ்நாளில் ஒருவருக்கும் அப்படி ஒரு வேலை செய்து கொடுத்ததில்லை.

“இதை வீட்டுல ஓட்டிப் பாத்துக்கிட்டிருந்தேன். எங்க வீட்டம்மா எட்டிப் பாத்துட்டு, ‘இதுக்குக் கரண்டு வேற செலவா’ன்னு கேட்டுட்டுப் போறா,” என்றார்.

பெட்டியை இயக்கினார். நால்வரும் கேட்டார்கள்.

முதலில் ஒன்றுமில்லை என்றே தோன்றியது. பிறகு மெல்லிய இரைச்சல். மின்விசிறி ஒன்று சுற்றிச் சுற்றி ஒரே இடத்தில் முனகியது.

“டீச்சர், உங்க ஃபேனுக்கு எண்ணெய் போடணும்,” என்றார் பீர் மைதீன்.

“உங்க வாய்க்குப் பூட்டுப் போடணும்,” என்றார் செண்பகவல்லி.

எங்கோ ஒரு பேருந்து ஒலி எழுப்பித் தேய்ந்தது. நாற்காலி கிறீச்சிட்டது. யாரோ தொண்டையைச் செருமினார்கள். மழைத்துளி தகரத்தில் விழுந்தது. ஒவ்வோர் இடைவெளியின் முடிவிலும் மிகச் சிறிதாக, உள்ளே இழுத்த ஒரு மூச்சு கேட்டது.

கோமதிநாயகம் தலையைச் சாய்த்துக் கேட்டுக்கொண்டிருந்தார். அவர் காது தொழில் பழகிய காது. மின்சாரம் நின்ற கம்பியின் மௌனம் வேறு, மைக்கின் முன் ஆள் இருக்கும்போது வரும் மௌனம் வேறு என்று அதற்குத் தெரியும். இது இரண்டாவது வகை.

“டீச்சர், ஒட்டும்போதே கேக்கணும்னு நெனச்சேன். எல்லா இடைவெளியும் ஒரே அளவா இல்லை. சிலது குட்டையா இருக்கு. சிலது ரொம்ப நீளம். பதிவு பண்ணும்போது கடிகாரம் பாக்க மாட்டியளா?”

“பார்க்க மாட்டேன்.”

“பின்னே எதை வச்சு நிறுத்துதிய?”

“நீளமா இருக்கிறது நீங்க தடுமாறுற சொல்.”

“நான் தடுமாறுதது உங்களுக்கு எப்படித் தெரியும்? பதிவு பண்ணும்போது நான் இங்க இல்லையே.”

“இருந்தீங்க,” என்றார் எமீமாள்.

பெட்டி ஓடிக்கொண்டே இருந்தது. கோமதிநாயகம் அதை நிறுத்தக் கை நீட்டிவிட்டு, நிறுத்தாமல் கையை மடியில் வைத்துக்கொண்டார். அடுத்து வந்த இடைவெளி நீளமானது. இது எந்தச் சொல்லுக்கானது என்று அவருக்குத் தெரியவில்லை. ஆனால் அந்த மின்விசிறியின் கீழ், மழை பெய்யும் ஒரு மாலையில், தம்மைவிட இருபது வயது இளைய ஒரு பெண் நாற்காலியில் அமர்ந்து, எதிரே இல்லாத தம்மைப் பார்த்தபடி, தாம் பதில் சொல்லட்டும் என்று அவசரப்படாமல் இருந்ததை அவர் கேட்டார். முழுவதும் கேட்டார்.

ஒலி ஓய்ந்தது.

“இனி என்ன செய்யணும், டீச்சர்?”

“ஞாயிற்றுக்கிழமை வரை பாடம் கேட்காதீங்க. வெட்டினதும் வேண்டாம், வெட்டாததும் வேண்டாம்.”

“மறந்து போகுமே.”

“போகட்டும்.”

“டீச்சர், இது எம் பையன் வாழ்க்கை.”

“போன வாரம் ஒரு கேள்வி கேட்டீங்க. மறக்காம இருக்க என்ன வழின்னு. போய் மறந்துட்டு வாங்க.”

பீர் மைதீனுக்குப் பொறுக்கவில்லை. “டீச்சர், மனுசர் ஏற்கெனவே ஒருதரம் குப்புற விழுந்திருக்காரு. ஊன்றுகோலையும் பிடுங்கலாமா?”

“அந்தக் கோலால்தான் விழுந்தார், பாய்,” என்றார் எமீமாள்.

கோமதிநாயகம் கீழ்ப்படிந்தார். வாங்கிய கட்டளையை மீறுவது அவர் வழக்கமில்லை. ஆனால் அந்த நாட்கள் அவருக்குச் சுலபமாக இருக்கவில்லை. வரிசையாக நின்ற சொற்கள் கலைந்து போவதை அவரால் உணர முடிந்தது. வணக்கத்தில் புறப்பட்டால் நன்றிவரை வந்தது. அதற்கப்பால் சாலை இல்லை. ரொட்டிக் கடை இல்லை. அஞ்சல் நிலையம் இல்லை.

முகூர்த்தம் ஒன்றின் நடுவே பந்தியில் உட்கார்ந்திருந்தார். பரிமாறுகிறவர் குவளையில் தண்ணீர் ஊற்றினார். “வதா,” என்றார் கோமதிநாயகம். அவரே திடுக்கிட்டார். முன்னால் வணக்கம் வரவில்லை, நலமா வரவில்லை. சொல் தனியாக, யார் துணையும் இல்லாமல் வந்து இலையோரத்தில் நின்றது. குவளையைக் கையில் பிடித்துக்கொண்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“தண்ணியைப் பாத்துச் சிரிக்கிற மனுசனை இன்னைக்குத்தான் பாக்கேன்,” என்றார் பக்கத்து இலையில் இருந்த அவர் மனைவி வடிவு.

பிறகு மழை வந்தது. வீடு வந்தது. வெயில் வரவில்லை, எவ்வளவு தேடியும் வரவில்லை. மறுநாள் வயரைச் சுருட்டித் தோளில் மாட்டும்போது, தேடாதபோது, அதுவும் வந்தது. வராத சொற்களும் இருந்தன. அவை எவை என்றுகூட அவருக்குத் தெரியாது. அதுதான் அச்சமாக இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை மாலை, பாடமில்லாத நாளாயினும், நால்வரும் மாடியறைக்கு வந்தார்கள். தனியாக இருந்து பேச அவருக்குத் துணிவில்லை. வடிவு வர மறுத்துவிட்டார். ‘நான் அங்க உக்காந்திருந்தா நீங்க என் மூஞ்சியைப் பாத்தே தடுமாறுவிய,’ என்று சொல்லி, வேட்டியும் சட்டையும் எடுத்துக் கொடுத்து அனுப்பியிருந்தார். பெண் கேட்கப் போகிறவர் உடுத்த வேண்டிய வேட்டிதான் அது.

“குரல்தானே போகப் போகுது, பட்டுக்கரை எதுக்கு?” என்றார் பீர் மைதீன்.

“குரலும் உடுத்தியிருக்கணும்லா,” என்றார் செண்பகவல்லி.

உலகநாதன் அழைத்தான். “அப்பா, கொடுக்கேன். அவங்களுக்குப் பொறுமை கம்மி. நீங்க…” என்று தொடங்கி, சொல்ல வந்ததை விட்டுவிட்டு, கைபேசியைக் கைமாற்றினான்.

மேசைமேல் கிடந்த கைபேசியை நோக்கி கோமதிநாயகம் கைகூப்பினார். பிறகு முகமன் சொன்னார். வெறும் வணக்கத்துக்கே ஒரு முழு மூச்சு வேண்டிய மொழி அது. பெயரோடு தந்தை பெயரையும் சேர்த்து அழைப்பது அந்நாட்டு மரியாதை.

“ஸ்த்ராஸ்த்வுய்தே, நினா பாவ்லவ்னா.”

“ஸ்த்ராஸ்த்வுய்தே.” கட்டையான குரல். உடனே ஒரு கேள்வி. பேசுவது மனிதரா, ஒலிநாடாவா?

நாடா என்ற சொல் கோமதிநாயகத்துக்குப் புரியவில்லை. மனிதர் என்பது புரிந்தது.

“மனிதர்,” என்றார் ருஷ்ய மொழியில். யோசித்து, “கிழட்டு மனிதர்,” என்று சேர்த்துக்கொண்டார்.

அந்தப் பக்கம் ஓர் ஒலி. இருமலா சிரிப்பா என்று தெரியவில்லை. அங்கே பனி கொட்டுகிறது, உங்கள் ஊரில் எப்படி என்று நினா பாவ்லவ்னா கேட்டார்.

“பனி இல்லை. மழை. நாளைக்கு…” நின்றார். தேடினார். “நாளைக்கு வெயில்.”

“நல்லது,” என்றது குரல்.

கேட்க வேண்டியவர் கேட்கட்டும் என்று அந்தப் பக்கம் அமைதியானது.

கோமதிநாயகம் வேட்டியை இழுத்துவிட்டுக்கொண்டார். மெதுவாக, ஒவ்வொரு சொல்லாக எடுத்து வைத்தார்.

“நாங்கள் உங்களிடம் கேட்கிறோம். நானும் என் மனைவியும். உங்கள்…”

சொல் இல்லை.

மகள் என்ற சொல். முதல் மாதத்திலேயே கற்ற சொல். அது இருந்த இடத்தில் ஒன்றுமே இல்லை. பழைய பழக்கத்தில் வணக்கத்துக்கு ஓடினார். அங்கிருந்து எந்த வழியும் புறப்படவில்லை. நெற்றியில் வியர்வை அரும்பியது.

பீர் மைதீனுக்கு அந்தச் சொல் தெரியும். செண்பகவல்லிக்கும் தெரியும். செண்பகவல்லி பாதி எழுந்துவிட்டார், வாய் அந்தச் சொல்லின் வடிவில் குவிந்துவிட்டது. எமீமாள் ஒரு விரலை உயர்த்தினார். செண்பகவல்லி உட்கார்ந்துகொண்டார். எமீமாள் கோமதிநாயகத்தைப் பார்க்கவில்லை. கைபேசியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

நேரம் போயிற்று. வேறெந்த ஞாயிற்றுக்கிழமையாக இருந்தாலும் கோமதிநாயகம் அந்த ஓட்டையில் எதையாவது போட்டு அடைத்திருப்பார். மகனின் குணத்தைச் சொல்லியிருப்பார், தொழிலைச் சொல்லியிருப்பார், மன்னிப்பாவது கேட்டிருப்பார். இப்போது அவர் கேட்டுக்கொண்டிருந்தார். அங்கே ஒரு கடிகாரம் ஓடியது. கெட்டிலில் நீர் கொதித்து அடங்கியது. தட்டொன்றை யாரோ மெல்ல நகர்த்தி வைத்தார்கள். நடுவில் ஒரு மூச்சு. வயதான, சற்றுச் சளி கட்டிய மூச்சு. அது கம்பி அறுந்த மௌனமன்று. ஆள் இருந்தார்.

அவர் அசையாமல் இருந்தார்.

“தோச்,” என்றார் நினா பாவ்லவ்னா.

தாழ்ந்த குரலில்தான் சொன்னார்.

“தோச்,” என்றார் கோமதிநாயகம். பிறகு முழுதாக, “உங்கள் தோச்.”

“என் தோச்,” என்றது அந்தக் குரல். மூக்குறிஞ்சும் ஓசை கேட்டது.

அதன்பின் நினா பாவ்லவ்னா நிறைய பேசினார், வேகமாகவும் பேசினார். கோமதிநாயகத்துக்குப் பாதிகூடப் பிடிபடவில்லை. எமீமாள் மொழிபெயர்க்க முன்வரவில்லை. பனி என்பது பிடிபட்டது. திருமணம் என்பது பிடிபட்டது. வாருங்கள் என்பது பிடிபட்டது. பிறகு ஒரு சொல் இரண்டு தரம், கண்டிப்பாக, வந்தது. அதன் பொருள் சாப்பிடுவது.

பீர் மைதீன் மேசைமேல் சாய்ந்து கிசுகிசுத்தார். “பனி உருகினதும் கல்யாணம்ங்காங்க. அதுக்கு முன்னால நீங்களும் மதினியும் அங்க வந்து அவங்க வீட்டுல சாப்பிடணுமாம். கை நனைக்கக் கூப்பிடுதாங்க, அண்ணாச்சி.”

பெண் கேட்கப் போன வீட்டில், பேச்சு கூடிவராமல் ஒரு வாய் தண்ணீர்கூடக் குடிக்காத வமிசம் கோமதிநாயகத்துடையது. கை நனைப்பது என்றால் என்னவென்று அவருக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை.

“சாப்பிடுவோம்,” என்றார். “நன்றி. சாப்பிடுவோம்.”

அழைப்பு முடிந்தது. கடைசியாகக் கேட்டது வேராவின் சிரிப்பும் உலகநாதன் யாரையோ தமிழில் திட்டிய சந்தோஷமும்.

செண்பகவல்லி மூக்குக்கண்ணாடியைக் கழற்றிச் சேலைத் தலைப்பில் துடைத்தார். துடைக்க அதில் ஒன்றும் இருக்கவில்லை.

“நான் ராத்திரியெல்லாம் மலைப்பாதையில வண்டி ஓட்டியிருக்கேன்,” என்றார் பீர் மைதீன். “இப்படி ஒரு பயம் பயந்ததில்லை. இன்னும் ஒரு நொடி போயிருந்தா நானே கத்தியிருப்பேன்.”

“கத்தியிருந்தா உம்ம கழுத்தை நெரிச்சிருப்பேன்,” என்றார் செண்பகவல்லி.

கோமதிநாயகம் மட்டும் மகிழ்ச்சியை முகத்தில் ஏற்றிக்கொள்ள முடியாமல் இருந்தார். நல்ல வேட்டியில் காப்பி கொட்டிக்கொண்டவரின் முகம்.

“எல்லாத்தையும் விட்டுட்டு அந்த ஒரு வார்த்தையையா மறப்பேன், டீச்சர்? வெயில் வந்தது, மழை வந்தது. வேண்டாத வார்த்தையெல்லாம் வந்தது. மகள்ங்கிறது வரலை. அந்த அம்மா பாவம், அவங்க பொண்ணைக் கேக்கதுக்கு அவங்களே வார்த்தை எடுத்துக் கொடுக்கும்படி ஆயிட்டு.”

எமீமாள் மேசைமேல் கிடந்த கைபேசியைப் பார்த்தார்.

“நீங்க மறக்கச் சொன்னிய, மறந்தேன். சரி. இனிமே அது மறக்கக் கூடாது. எனக்கு அந்த ஒரு வார்த்தைக்கு மட்டும் தனியா ஒரு பாடம் பதிவு பண்ணிக் கொடுங்க. நாளைக்கு வரட்டும், அடுத்த வாரம் வரட்டும், அடுத்த மாசமும் வரட்டும். எவ்வளவு நேரம் வேணும்னாலும் நடுவுல நிறுத்துங்க. நான் ஒரு இடத்துலயும் கை வைக்க மாட்டேன்.”

“அந்தப் பாடம் தர மாட்டேன்.”

“ஏன் டீச்சர்?”

எமீமாள் கைபேசியை எடுத்து அவர் கையில் கொடுத்தார்.

“அந்தச் சொல்லை இனி என் குரலில் கேட்காதீங்க, அண்ணாச்சி.”

கோமதிநாயகம் எழுந்தார். கைபேசியைச் சட்டைப் பையில் வைத்து, அதன்மேல் உள்ளங்கையை ஒரு தரம் அழுத்திக்கொண்டார். வாசலில் கிடந்த செருப்பை மாட்டிக்கொண்டு படியிறங்கிப் போனார்.